கேபியன் சுவருக்குள் மணல் போடலாமா?

முடிச்சூர், வரதராஜபுரம், பெருங்களத்தூர் பக்கம் வீடு கட்ட இறங்குகிறவர்கள் முதல் வேலையாக மனையை உயர்த்துகிறார்கள். காரணம் இந்தப் பகுதியில் எல்லாருக்கும் தெரியும். 2015 டிசம்பர் 2 காலை வரையிலான 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் 49 சென்டிமீட்டர் மழை பதிவானது. சென்னைக்கு ஓராண்டு முழுக்கக் கிடைப்பதில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு அது. அடையாறு கரைபுரண்டு தரைத்தளங்களை மூழ்கடித்ததைப் பார்த்தவர்களுக்கு மறுபடியும் ரோடு மட்டத்தில் வீடு கட்ட மனம் ஒப்புவதில்லை. லாரி லாரியாகச் சவுடு அடித்து இரண்டடி, மூன்றடி மேடாக்குகிறார்கள். பக்கத்து மனை பழைய மட்டத்திலேயே கிடக்கும். கொட்டிய மண் அந்தப் பக்கம் சரியாதபடி நடுவில் ஏதாவது ஒன்று நிற்க வேண்டும்.

பெரும்பாலும் அங்கே நிற்பது நாலரை அங்குலச் செங்கல் சுவர் அல்லது ஆறங்குல ஹாலோ பிளாக் சுவர். எல்லையைக் காட்டக் கட்டிய சுவர் அது. மண்ணைத் தாங்குவது அதன் வேலையே இல்லை. நவம்பரில் நாலு நாள் அடைமழை பிடித்து, பின்னாலிருக்கும் சவுடு தண்ணீரைக் குடித்து ஊறியதும் சுவர் வயிறு தள்ளி நிற்கும். ஒரு ராத்திரி மொத்தமாகச் சாய்ந்தும் விடும். இதற்கு மாற்றாகத்தான் கேபியன் இப்போது பலர் கண்ணிலும் படுகிறது. துத்தநாகம் பூசிய கம்பிவலையில் பெட்டி செய்து, உள்ளே கல் அடுக்கி, பெட்டியோடு பெட்டியைக் கம்பியால் தைத்துவிடுவது. சிமென்ட் வேண்டாம், தண்ணீர் விட்டு ஆற்ற வேண்டாம், தண்ணீர் தேங்கவும் தேங்காது. நீலகிரி மலைச்சாலை ஓரங்களில் சரிவைத் தாங்கி நிற்கும் கல்கூண்டுகளைப் பார்த்திருப்பீர்கள். அதையே சின்ன அளவில் வீட்டுத் தோட்டத்துக்குச் செய்கிறோம்.

இங்கேதான் அந்தக் கேள்வி வருகிறது. வீடு கட்டி முடித்த வாசலில் கால் யூனிட், அரை யூனிட் எம்-சாண்ட் எப்போதும் மிச்சம் கிடக்கும். கல்லுக்கு வேறு தனியாக ஒரு லோடு சொல்ல வேண்டும், அதை ஆள் வைத்து அடுக்க வேண்டும். இருக்கிற மணலையே கூண்டுக்குள் கொட்டிவிட்டால் என்ன?

வெறுமனே கொட்ட முடியாது. வலைக்கண் இரண்டு அங்குலம் என்றால் அது 50 மில்லிமீட்டர். மணலின் பெரிய துகளே ஐந்து மில்லிமீட்டருக்குள்தான் இருக்கும். கொட்டக் கொட்ட வெளியே வந்துவிடும். ஆகவே மணல் போட வேண்டுமென்றால் உள்ளே துணி விரித்தாக வேண்டும். இதுவரை யாருக்கும் சந்தேகம் இருக்காது. துணி விரித்து மணல் நிரப்பினால் அது கல்லுக்குச் சமமாகிவிடுமா என்பதுதான் யோசிக்க வேண்டிய இடம்.

எடையை வைத்துப் பார்த்தால் சமம்தான். கருங்கல் கன மீட்டருக்கு 2,700 கிலோ இருந்தாலும், கூண்டுக்குள் அடுக்கும்போது நூற்றுக்கு முப்பது, நாற்பது பங்கு காற்றிடைவெளி விழுந்துவிடுகிறது. கடைசியில் ஒரு கன மீட்டர் கேபியன் சுமார் 1,700 கிலோதான் நிற்கும். நன்றாக இடித்து இறுக்கிய மணலும் அதே அளவு வரும். ஆகவே மணல் லேசாக இருப்பதால் சுவர் நிற்காது என்று சொல்கிறவர்கள் தவறான காரணத்தைச் சொல்கிறார்கள்.

உண்மையான வேறுபாடு, யார் யாரைத் தாங்குகிறார்கள் என்பதில் இருக்கிறது. கையால் பொறுக்கி, ஒன்றின்மேல் ஒன்று பூட்டும்படி அடுக்கிய கருங்கல், வலை இல்லாவிட்டாலும் பெரும்பாலும் நின்றுவிடும். தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கத்து மானாவாரி நிலங்களில் சாந்து இல்லாமல் போட்ட கல்வரப்புகள் அப்படித்தான் நிற்கின்றன. அதனால் கல் நிரப்பிய கூண்டில் கம்பிவலைக்கு வேலை குறைவு. கல் நழுவாமல் காவல் இருந்தால் போதும். மணலுக்கு அந்தப் பூட்டு கிடையாது. விட்டால் முப்பது டிகிரி சரிவில் குவிந்து உட்காரும் பொருள் அது. அதைச் செங்குத்தாக நிறுத்த, வலை விடாமல் இறுக்கிப் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு மீட்டர் உயரத்துக்கு மணல் நிரப்பினால் அடிமட்டத்தில் வலையின் மேல் விழும் பக்க அழுத்தம் சதுர மீட்டருக்கு 800 கிலோ அளவில் இருக்கும். ஒரு மீட்டர் நீளச் சுவரின் ஒரு முகத்தை மட்டும் மணல் மொத்தமாக 400 கிலோ பலத்தோடு வெளியே தள்ளும். குறுகலான கூண்டில் இது கொஞ்சம் குறையும். ஆனாலும் வேலிக்கு விற்கும் மெல்லிய வெல்டு மெஷ் இதைத் தாங்கி நேராக நிற்காது. நடுவில் பிதுங்கும். பிதுங்கியதும் மேலே மணல் இறங்கும், மூடி தொய்யும்.

இது உலர்ந்த மணலின் கணக்கு. தாம்பரத்தில் சுவர் கட்டுகிறவர் போட வேண்டிய கணக்கு நனைந்த மணலுக்கானது. துணி அடைத்துக்கொண்டு, உள்ளே தண்ணீர் விளிம்பு வரை நின்றுவிட்டால் அதே முகத்தின் மேல் விழும் தள்ளுவிசை ஏறக்குறைய இரண்டு மடங்காகி 750 கிலோவைத் தொடுகிறது. கல் கூண்டில் இந்தப் பேச்சுக்கே இடமில்லை. விழுந்த தண்ணீர் விழுந்த நேரத்திலேயே அடியில் போய்விடும். கேபியனை நாம் தேடிப் போனதே தண்ணீருக்கு வழிவிடும் சுவர் என்பதற்காக. அதற்குள் மணலை அடைத்தால் அந்த ஒரு குணத்தைத்தான் முதலில் இழக்கிறோம்.

ஆனால் மணல் நிரப்பிய கூண்டுகள் உலகத்தில் இல்லாமல் இல்லை. பெரிய காரியங்களையே செய்திருக்கின்றன. இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் முன்னாள் சுரங்கத் தொழிலாளியான ஜிமி ஹெசல்டன் 1980களின் இறுதியில் அப்படி ஒன்றை உருவாக்கினார். வெல்டு மெஷ் கூண்டு, உள்ளே கெட்டியான ஜியோடெக்ஸ்டைல் துணி, அதற்குள் கையில் கிடைத்த மண்ணோ மணலோ. கடலரிப்பைத் தடுக்க நினைத்துச் செய்தது, 1991 வளைகுடாப் போரிலிருந்து படைமுகாம்களின் அரணாகிவிட்டது. ஹெஸ்கோ என்ற பெயரில் உலகம் முழுக்கத் தெரியும். பாலைவனத்தில் கல் கிடைக்காது, மணலுக்குப் பஞ்சமில்லை, மழையும் சொற்பம். அவசரத்துக்கு எழுப்பி, தேவை முடிந்ததும் பிரிக்க வேண்டிய அரண் அது. அந்த நிலைமைக்கு மணல் சரியான விடை. நம் வீட்டுச் சுவர் இருபது வருஷம் வடகிழக்குப் பருவமழையில் நனைய வேண்டியது.

நமக்கு இன்னும் பொருத்தமான பாடம் ஒடிசாவில் இருக்கிறது, அதை வடிவமைத்ததும் இங்கே கிண்டியில் இருக்கும் சென்னை ஐ.ஐ.டி.தான். கேந்திரபாரா மாவட்டத்துப் பெந்தா கிராமத்தில் கடல் கரையைத் தின்றுகொண்டு வந்தது. 505 மீட்டர் நீளத்துக்கு அங்கே ஒரு தடுப்புக்கரை எழுப்பி 2016-இல் முடித்தார்கள். உள்ளே மணல் நிரப்பிய பெரிய பெரிய ஜியோடெக்ஸ்டைல் குழாய்கள். வெளியே, அலை மோதும் பக்கத்தில், கல் நிரப்பிய கேபியன்கள். உப்புக்காற்றில் கம்பி துருப்பிடிக்கும் என்பதால் பாலிபுரொப்பிலீன் கயிற்றில் பின்னிய கூண்டுகள். மணலைத் துணிக்குள் கட்டி உள்ளே வைத்தார்கள், வெயிலையும் தண்ணீரையும் நேரே எதிர்கொள்ளும் இடத்தைக் கல்லிடம் விட்டார்கள். இந்த வேலைப் பிரிவினையைத் தோட்டத்துக்கும் அப்படியே எடுத்துக்கொள்ளலாம்.

ஆகவே மேடாக்கிய மனையின் ஓரத்தில் மண்ணைத் தாங்கக் கட்டும் சுவரானால் நான் சொல்வது இதுதான்: கூண்டுக்குள் முழுக்கக் கல் போடுங்கள், மிச்சமிருக்கும் மணலைக் கூண்டுக்குப் பின்னால் போடுங்கள். சுவரைச் சாய்ப்பது பின்னாலிருக்கும் சவுடு. அதில் களி கலந்திருக்கும். நனைந்தால் தண்ணீரை விடாமல் பிடித்துக்கொண்டு உப்பும், கோடையில் வெடிக்கும். அந்தச் சவுடு நேராகக் கூண்டில் முட்டாதபடி நடுவே ஓரடி அகலத்துக்கு மணல் பட்டை ஒன்று அடியிலிருந்து மேல்வரை வந்தால், வரும் தண்ணீர் அதில் இறங்கிக் கல்லிடுக்கு வழியே வெளியேறிவிடும். கூண்டின் முதுகில் ஜியோடெக்ஸ்டைல் துணி ஒரு சுற்று. மணலுக்கும் சவுடுக்கும் நடுவே இன்னொரு சுற்று இருந்தால் இன்னும் நல்லது, களி வந்து மணலை அடைக்காது. வாசலில் கிடக்கும் அரை யூனிட், அதாவது ஐம்பது கன அடி, மூன்றடி உயரச் சுவருக்குப் பின்னால் பதினாறு, பதினேழு அடி நீளத்துக்கு வரும்.

மண்ணைத் தாங்காத சுவர்களில் கதை வேறு. செடிகளுக்கு நடுவே உட்காரும் திட்டு, வாசல் ஓரத்து மூன்றடி அலங்காரச் சுவர், மாட்டுக்கும் வண்டிக்கும் மறைப்பு போன்றவற்றில் நடுவயிற்றை மணலால் நிரப்பலாம். இரண்டடி அகலக் கூண்டில் இரண்டு முகத்திலும் ஆறு, ஏழு அங்குலத்துக்குக் கல் அடுக்கி, நடுவில் துணிப்பை அமைத்து, மணலைப் படிப்படியாக நிரப்பி இறுக்க வேண்டும். கல்லும் மணலும் சேர்ந்தே ஏற வேண்டும், ஒருமுறைக்கு ஓரடி. ஒவ்வோர் அடிக்கும் முன்முகத்தையும் பின்முகத்தையும் இணைத்துக் குறுக்குக் கம்பி கட்டுங்கள். நிரப்பி முடித்ததும் துணியை மடித்து மூடி, அதன்மேல் கடைசி வரிசையாகக் கல். வானத்தைப் பார்த்து மணல் திறந்திருந்தால் முதல் மழையிலேயே நடுவில் குழி விழும்.

துணியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். செலவை மிச்சம் பிடிக்கப் பார்க்கிறவர்கள் எல்லாரும் கை வைப்பது இதில்தான். பச்சை நிழல்வலையைக் கட்டுகிறார்கள். அதன் கண்ணில் மணல் தாராளமாக ஒழுகும். சிமென்ட் சாக்கைக் கிழித்து விரிக்கிறார்கள். நம் ஊர் வெயில் பட்டால் அது சீக்கிரமே நொறுங்கித் தூளாகும், அந்தப் பிளாஸ்டிக் துணுக்குகள் பிறகு தோட்டத்து மண்ணை விட்டுப் போவதே இல்லை. தார்ப்பாய் போடுகிறவர்கள்தான் அதிகம் கெடுத்துக்கொள்கிறார்கள். மணலை அது நன்றாகப் பிடிக்கும், தண்ணீரையும் சேர்த்துப் பிடிக்கும். மேலே சொன்ன இருமடங்குத் தள்ளுவிசை வருவது இப்படிப்பட்ட சுவரில்தான். பழைய புடவை, கோணிச்சாக்கு எல்லாம் மண் ஈரத்தில் மக்கிப் போகும்.

கேட்டு வாங்க வேண்டியது நெய்யாத ஜியோடெக்ஸ்டைல். பாலிபுரொப்பிலீன் அல்லது பாலியெஸ்டர் இழைகளை ஊசியால் குத்திக் குத்தி இறுக்கிய, கம்பளி போன்ற தடித்த துணி. தண்ணீர் போகும், துகள் போகாது. சதுர மீட்டருக்கு 150 முதல் 200 கிராம் எடையுள்ளது தோட்ட வேலைக்குப் போதும். மாடித்தோட்டம் போடுகிறவர்கள் மண்ணுக்கு அடியில் விரிப்பது இதே வகைதான். இதற்கும் வெயில் ஆகாது. கல்லுக்குப் பின்னால் மறைந்திருக்கும் வரை நீண்ட காலம் உழைக்கும். கம்பிவலைக்கு நேர் பின்னால் வெயிலைப் பார்த்து நின்றால் ஆண்டுக்கு ஆண்டு பலம் குறையும். முகத்தில் கல் அடுக்கச் சொல்வது அழகுக்காக மட்டும் இல்லை.

எந்த மணல்? ஆற்று மணலைச் சுவருக்குள் புதைப்பதை நான் ஒத்துக்கொள்ளவே மாட்டேன். பாலாற்றை எந்த நிலைக்குக் கொண்டுவந்திருக்கிறோம் என்பது செங்கல்பட்டுப் பாலத்தைக் கடக்கும் எவருக்கும் தெரியும். 2003-இல் மணல் குவாரிகளை அரசே ஏற்றுக்கொண்டது. 2023-இல் எம்-சாண்டுக்கென்று தனிக் கொள்கையே வெளியிட்டது. கட்டடத்துக்கே கிடைக்காத பொருளைத் தோட்டத்துக்கு இறைக்க நியாயமில்லை. கடற்கரை மணல் சட்டப்படியும் கூடாது, அதிலுள்ள உப்பு கம்பியின் துத்தநாகப் பூச்சையும் அரிக்கும். எம்-சாண்டின் துகள் முனை மழுங்காதது, ஒன்றை ஒன்று கவ்வும். இறுக்கினால் நன்றாக நிற்கும். ஆனால் அதில் மாவுத்தூள் உண்டு. 150 மைக்ரான் சல்லடையில் இறங்கும் தூள் நூற்றுக்கு இருபது வரை இருக்கலாம் என்று ஐ.எஸ். 383 தரவரையறை அனுமதிக்கிறது. அந்தத் தூள் நாளடைவில் துணியின் துளைகளை அடைக்கும். சுவருக்குப் பின்னால் வடிகாலாகப் போடுவதானால் கழுவிய எம்-சாண்டாக இருந்தால் நல்லது. பூச்சு வேலைக்கான பி-சாண்டும், கிரஷர் டஸ்ட்டும் இந்த வேலைக்கு வேண்டாம்.

கல்லுக்கு நாம் அதிகம் அலைய வேண்டியதில்லை. பரங்கிமலை, பல்லாவரம், திரிசூலம் குன்றுகளின் கருங்கல் உலகப் புவியியல் நூல்களில் சார்னோகைட் என்ற பெயரில் இருக்கிறது. 1893-இல் தாமஸ் ஹாலந்து அந்தப் பெயரை வைத்தார். தண்ணீரைக் குடிக்காது, நனைந்து காய்ந்து உதிராது. கேபியனுக்கு இதைவிட நல்ல கல் கேட்க முடியாது. இந்தக் குன்றுகளில் வெட்டியெடுத்த காலம் முடிந்து, பழைய குவாரிகளில் இப்போது தண்ணீர்தான் நிற்கிறது. இன்று லோடு வருவது உத்திரமேரூர் போன்ற தூரத்துக் குவாரிகளிலிருந்து. ஒன்றரை ஜல்லி என்று கேட்காதீர்கள், 40 மில்லிமீட்டர் கல் இரண்டங்குல வலைக்கண்ணில் நழுவிவிடும். வலைக்கண்ணைப் போல ஒன்றரை மடங்காவது கல் இருக்க வேண்டும். இரண்டங்குல வலைக்கு மூன்று முதல் ஆறு அங்குல உடைகல் சரியாக வரும்.

கல் வாங்க மனமில்லாதவர்களுக்கு இந்தப் புறநகரில் இன்னொரு வழி இருக்கிறது. சேலையூர், ராஜகீழ்ப்பாக்கம், குரோம்பேட்டைத் தெருக்களில் பழைய தனிவீடுகளை இடித்து அடுக்குமாடி எழுப்பும் வேலை ஓயாமல் நடக்கிறது. இடித்த கான்கிரீட்டை ஏரிக்கரையிலும் சதுப்புநில ஓரத்திலும் இரவோடிரவாகக் கொட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். பள்ளிக்கரணைச் சதுப்புநிலம் 2022-இல் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களுக்கான ராம்சார் பட்டியலில் சேர்ந்த பின்னும் அதன் விளிம்பில் இடிபாடு விழுவதைப் பார்க்கும்போது வயிறு எரிகிறது. அந்தக் கான்கிரீட் துண்டுகள் கூண்டின் உள்வயிற்றுக்கு மணலைவிட நல்ல நிரப்புப் பொருள். ஒன்றோடொன்று பூட்டிக்கொள்ளும், தண்ணீரை விடும், துணி தேவையில்லை. ஐந்தாறு அங்குலத் துண்டுகளாக உடைத்து, கம்பி, டைல்ஸ், பூச்சுத்தூள் எல்லாவற்றையும் பொறுக்கி எடுத்துவிட்டு உள்ளே அடுக்கி, முகத்துக்கு மட்டும் கருங்கல் வைத்தால் போதும். பழைய செங்கல் ஆகாது, நனைந்து நனைந்து கரையும்.

கூண்டை மணலால் நிரப்ப ஆசைப்படுகிறவர்கள் சொல்லும் இன்னொரு காரணம் நியாயமானது. பாம்பு. வண்டலூர் காட்டோரமும், நன்மங்கலம் காட்டோரமும், ஏரிக்கரைகளும் சூழ்ந்த பகுதி இது. சாரையும் நல்லபாம்பும் தோட்டத்துக்கு வருவது புதிதில்லை. கல்லிடுக்கு அவற்றுக்கு வசதியான இடம், எலி குடியேறினால் பின்னாலேயே வரும். மணல் நிரப்பினால் இடுக்கு போய்விடும் என்பது சரி, ஆனால் பெருச்சாளிக்கு மணல் நல்ல வளை. துணியையும் கடித்துவிடும். அதனால் குழந்தைகள் விளையாடும் பக்கத்துச் சுவரில் பெரிய கல்லை அடுக்கியபின் இடுக்குகளில் சின்ன உடைகல்லையும் ஜல்லியையும் தட்டித் தட்டிச் செருகச் சொல்லுங்கள். முகத்தில் சிறு கண் வலையாக, ஓரங்குலக் கண் வலையாக ஒரு சுற்றுக் கூடுதலாகக் கட்டிவிடலாம்.

கூண்டின் அளவுக்கு வருவோம். மண் தாங்கும் சுவரின் அடியகலம் உயரத்தில் பாதிக்குக் குறையக் கூடாது. மூன்றடிக்கு இரண்டடி வைப்பது நல்லது. ஓரடி தோண்டி, மண்ணை இறுக்கி, ஆறங்குலத்துக்கு ஜல்லி விரித்து அதன்மேல் கூண்டை வைத்து, மண் பக்கமாகக் கொஞ்சம் சாய்வு கொடுக்கச் சொல்லுங்கள். மேடவாக்கம், பெரும்பாக்கம் பக்கம் சதுப்புக் களிமண் என்றால் சுவர் கொஞ்சம் இறங்கும். கேபியன் வளைந்து கொடுக்கும் என்பதால் அதற்காகப் பயப்பட வேண்டாம். உயரம் மூன்றடியைத் தாண்டினாலோ, மேலே கார் நிற்கும் இடமென்றாலோ, அடுத்தவர் வீடு ஒட்டியிருந்தாலோ கட்டுமானப் பொறியாளர் ஒருவரைப் பார்த்து வரைபடம் வாங்காமல் தொடங்காதீர்கள். இந்த வகைக் கூண்டுக்கு ஐ.எஸ். 16014 என்ற தரவரையறை இருக்கிறது. சாலை வேலைக்கு விற்கும் முறுக்கிய அறுகோண வலை அதன்படி வருவதுதான். வெல்டிங் பட்டறையில் செய்வதானால், துத்தநாகம் கெட்டியாகப் பூசிய, மூன்று மில்லிமீட்டருக்குக் குறையாத கம்பியில் செய்யச் சொல்லுங்கள். வெல்டிங் வைத்த இடத்தில் பூச்சு எரிந்துபோகும்; அங்கெல்லாம் துத்தநாகப் பெயின்ட் அடிக்க வேண்டும்.

ஏற்கெனவே மணல் நிரப்பிக் கட்டிவிட்டவர்கள் பதற வேண்டியதில்லை. முகத்தில் பிதுங்கலும், அடியில் மணல் கோடும் தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால் மேஸ்திரி முதலில் சொல்லும் யோசனை, முகத்தில் சிமென்ட் பூசிவிடலாம் என்பதாக இருக்கும். சம்மதிக்காதீர்கள், தண்ணீர் வெளியேறும் கடைசி வழியும் அடைபடும். மூன்றடி உயரத்துக்குள் இருந்து, பின்னால் மண் அணைப்பு இல்லாத சுவரானால், மூடியைத் திறந்து மணலைப் பாதிவரை எடுத்து, துணியைத் தளர்த்தி முகப்பக்கம் கல் அடுக்கி, குறுக்குக் கம்பி இறுக்கி, மறுபடி நிரப்பலாம். மண் தாங்கும் சுவர் என்றால் கை வைக்கும் முன் பின்னாலிருக்கும் சவுட்டை ஓரடிக்குக் கீழிறக்கிச் சரிவாக்கிவிட்டு, ஐந்தடி ஐந்தடியாகப் பிரித்து வேலை பாருங்கள். ஒரே நாளில் முழுநீளத்தையும் திறந்தால் மேடு சரிந்து வரும். கூண்டிலிருந்து எடுத்த மணலை அங்கேயே சலித்து, புதிய துணிக்குப் பின்னால் வடிகால் பட்டையாகப் போட்டுவிடலாம். ஆகஸ்டில் ஆரம்பித்தால் அக்டோபர் மழைக்குள் முடிக்கலாம்.